40 லட்சம் வாங்கினால் மொத்தம் எவ்வளவு கட்டுகிறோம்? வீட்டுக் கடனின் முழுச் செலவைக் கணக்கிடும் வழி

வீட்டுக் கடனுக்காக வங்கிக்குப் போகிறவர்கள் பெரும்பாலும் இரண்டு எண்களைத்தான் கேட்டுக்கொண்டு வருகிறார்கள்: வட்டி எத்தனை சதவீதம், மாதத் தவணை எவ்வளவு. கேட்க வேண்டிய மூன்றாவது எண் ஒன்று இருக்கிறது. கடைசித் தவணை கட்டுகிற நாளில் கையிலிருந்து மொத்தம் எவ்வளவு போயிருக்கும் என்பது அது. அதை வங்கி ஊழியர் தானாகச் சொல்வது அபூர்வம். ஆனால் கணக்கு ஒன்றும் கடினமில்லை. கால்குலேட்டரும் ஒரு தாளும் இருந்தால் அரை மணி நேரத்தில் போட்டுவிடலாம்.

இந்தக் கட்டுரை முழுவதும் ஒரே உதாரணத்தை வைத்துக்கொள்வோம். கடன் 40 லட்சம் ரூபாய், வட்டி ஆண்டுக்கு 8.5 சதவீதம், காலம் 20 ஆண்டு, அதாவது 240 தவணை. உங்கள் கடன் வேறு தொகையாக இருந்தால் அதே விகிதத்தில் கூட்டிக் குறைத்துக்கொள்ளலாம்.

தவணைக்குள் என்ன இருக்கிறது

இந்தக் கடனுக்கு மாதத் தவணை ரூ.34,713. இதை 240-ஆல் பெருக்கினால் ரூ.83.31 லட்சம். வாங்கியது 40 லட்சம், வட்டி மட்டும் 43.31 லட்சம். எளிதாக நினைவில் வைக்க, 8.5 சதவீதத்தில் ஒரு லட்சத்துக்கான மாதத் தவணைகள் இவை:

10 ஆண்டு – ரூ.1,240
15 ஆண்டு – ரூ.985
20 ஆண்டு – ரூ.868
25 ஆண்டு – ரூ.805
30 ஆண்டு – ரூ.769

தவணைத் தொகை மாதாமாதம் ஒன்றுதான். ஆனால் அதற்குள் இருக்கும் வட்டியும் அசலும் மாதத்துக்கு மாதம் மாறும். முதல் மாத வட்டி எவ்வளவு என்று பாருங்கள். 40,00,000 × 8.5 ÷ 1,200 = ரூ.28,333. தவணையில் இது போக மிச்சம் ரூ.6,380 தான் அசலில் கழிகிறது. அடுத்த மாதம் வட்டி 39,93,620 ரூபாய்க்கு மட்டும் போடப்படும், அதனால் வட்டி 45 ரூபாய் குறையும், அசல் 45 ரூபாய் கூடும். இப்படியே நகரும். முதல் ஆண்டுகளில் நகர்வதே தெரியாது.

5 ஆண்டு முடிவில் ரூ.20.83 லட்சம் கட்டியிருப்பீர்கள். பாக்கி அசல் ரூ.35.25 லட்சம். 10 ஆண்டு முடிவில் கட்டியது ரூ.41.66 லட்சம், அதாவது வாங்கிய தொகையைவிட அதிகம். பாக்கியோ இன்னும் ரூ.28 லட்சம். பாதி அசல் தீர்வதற்கு 13 ஆண்டு 10 மாதம் ஆகிறது. தவணையில் வட்டியைவிட அசல் அதிகமாவது 143-ஆவது மாதத்தில்தான்.

10 ஆண்டு கட்டியவர் ஸ்டேட்மெண்டைப் பார்த்துவிட்டு வங்கி ஏமாற்றிவிட்டதாக நினைப்பது வழக்கம். ஏமாற்று எதுவும் இல்லை. பாக்கி எவ்வளவோ அவ்வளவுக்கு வட்டி, அவ்வளவுதான். தொடக்கத்தில் பாக்கி அதிகம், அதனால் வட்டியும் அதிகம். இந்த ஒரு விதி மனதில் பதிந்துவிட்டால் கீழே வரும் எல்லாக் கணக்கும் தானாக விளங்கும்.

நீங்களே அட்டவணை போடுவது

எக்செல் அல்லது கூகுள் ஷீட்டில் ஐந்து பத்திகள் போதும்: மாதம், தொடக்கப் பாக்கி, வட்டி, அசல், முடிவுப் பாக்கி.

வட்டிப் பத்தியில் தொடக்கப் பாக்கியை வட்டி விகிதத்தால் பெருக்கி 1,200-ஆல் வகுக்க வேண்டும். அசல் என்பது தவணையிலிருந்து வட்டியைக் கழித்தது. தொடக்கப் பாக்கியிலிருந்து அசலைக் கழித்தால் முடிவுப் பாக்கி. அதுவே அடுத்த வரிசையின் தொடக்கப் பாக்கி. இரண்டு வரிசை எழுதிவிட்டுக் கீழே இழுத்தால் 240 வரிசையும் நிரம்பிவிடும். ஆறாவதாக ஒரு பத்தியைக் காலியாக விட்டு வையுங்கள், இடையில் கூடுதலாகக் கட்டும் தொகைக்கு. அதையும் முடிவுப் பாக்கியில் கழியுமாறு செய்துகொண்டால் எந்த மாதம் எவ்வளவு கூடுதலாகக் கட்டினால் கடன் எப்போது முடியும் என்பது கண்முன்னே தெரியும்.

வங்கியின் கணக்கோடு சில ரூபாய் வித்தியாசம் வரலாம். பல வங்கிகள் தினசரிப் பாக்கிக்கு வட்டி போடுகின்றன, 28 நாள் மாதத்துக்கும் 31 நாள் மாதத்துக்கும் வட்டி வேறுபடும். ஆண்டுக்கு ஆயிரக்கணக்கில் வித்தியாசம் வந்தால் மட்டும் கிளையில் கேளுங்கள். விகிதம் மாறியிருக்கும், அல்லது ஏதாவது கட்டணத்தைக் கணக்கில் ஏற்றியிருப்பார்கள்.

2024 அக்டோபர் 1 முதல் சில்லறைக் கடன் எல்லாவற்றுக்கும் முக்கிய விவரத் தாள் ஒன்றைக் கடன் தருபவர் கொடுத்தாக வேண்டும் என்பது ரிசர்வ் வங்கியின் விதி. வங்கியில் இதை கே.எஃப்.எஸ். என்பார்கள். வட்டியோடு கட்டணங்களையும் சேர்த்த ஆண்டுச் செலவு விகிதமும் தவணை அட்டவணையும் அதில் இருக்கும். கையெழுத்துப் போடுவதற்கு முன்பே கேட்டு வாங்குங்கள். இரண்டு வங்கிகளை ஒப்பிடும்போது விளம்பரத்தில் போட்டிருக்கும் வட்டியை ஒதுக்கிவிட்டு இந்த ஆண்டுச் செலவு விகிதத்தை ஒப்பிடுங்கள்.

15 ஆண்டா, 30 ஆண்டா

"தவணை சுமையாத் தெரியுதா சார், காலத்தை நீட்டிக்கலாம்" என்பது கிளைகளில் சாதாரணமாகக் காதில் விழும் பேச்சு. நீட்டினால் என்ன ஆகும் என்பதை அதே 40 லட்சத்தில் பார்ப்போம்.

15 ஆண்டு: தவணை ரூ.39,390, மொத்த வட்டி ரூ.30.90 லட்சம்.
20 ஆண்டு: தவணை ரூ.34,713, மொத்த வட்டி ரூ.43.31 லட்சம்.
25 ஆண்டு: தவணை ரூ.32,209, மொத்த வட்டி ரூ.56.63 லட்சம்.
30 ஆண்டு: தவணை ரூ.30,757, மொத்த வட்டி ரூ.70.72 லட்சம்.

20-லிருந்து 30-க்குப் போனால் மாதம் ரூ.3,956 குறைகிறது. அதற்குக் கொடுக்கும் விலை 27 லட்சத்துக்கும் மேல். மறுபக்கம், 20-லிருந்து 15-க்கு இறங்க மாதம் ரூ.4,677 கூடுதல், மிச்சமாவது ரூ.12.41 லட்சம். தவணை ஏன் இவ்வளவு குறைவாகக் குறைகிறது? முதல் மாத வட்டியான ரூ.28,333 எந்தக் காலமானாலும் கட்டியே ஆக வேண்டும். காலத்தை நீட்டும்போது சுருங்குவது அசல் பங்கு மட்டும். 30 ஆண்டுக் கடனில் முதல் மாதம் அசலில் கழிவது வெறும் ரூ.2,424.

அதற்காக எல்லோரும் 15 ஆண்டே எடுக்க வேண்டும் என்பதில்லை. வருமானம் ஏறி இறங்கும் தொழில் செய்பவர் 20 ஆண்டுக்கு எடுத்துக்கொண்டு, பணம் வரும்போதெல்லாம் கூடுதலாகக் கட்டுவதே நல்லது. கட்டாயத் தவணை குறைவாக இருப்பது ஒரு பாதுகாப்பு. ஆனால் அந்தக் கூடுதல் பணத்தைக் கட்டும் பழக்கம் வேண்டும், அது இல்லாதவருக்குப் பெரிய தவணையே காவல்.

வட்டி ஏறும்போது நடப்பது

இங்கே வீட்டுக் கடன்களில் மிகப் பெரும்பாலானவை மாறும் வட்டியில் தரப்படுபவை. 2019 அக்டோபர் 1 முதல் வங்கிகள் தரும் புதிய வீட்டுக் கடன்களின் மாறும் வட்டி ஒரு வெளி அளவுகோலோடு கட்டப்பட்டிருக்க வேண்டும். பல வங்கிகள் ரெப்போ விகிதத்தை, அதாவது ரிசர்வ் வங்கி வங்கிகளுக்குக் கடன் தரும் வட்டியை, எடுத்துக்கொண்டன. ரெப்போ 5.50, வங்கி அதன் மேல் வைக்கும் ஸ்ப்ரெட் 3.00 என்றால் உங்கள் வட்டி 8.50. மூன்று மாதத்துக்கு ஒருமுறையாவது இது திருத்தப்படும். வீட்டுக் கடன் நிறுவனங்கள், அதாவது வங்கி அல்லாதவை, இந்த விதிக்குள் வராது. அவை தங்கள் சொந்த அடிப்படை விகிதத்தை வைத்துக்கொள்கின்றன. ரெப்போ இறங்கினாலும் அங்கே வட்டி இறங்கத் தாமதமாவதுண்டு.

2022 மே தொடங்கி 2023 பிப்ரவரி வரை ரெப்போ 4.00-லிருந்து 6.50 ஆனது. பத்து மாதத்தில் 2.5 சதவீதம். 2021-இல் 6.7 சதவீதத்தில் 40 லட்சம் வாங்கியவரின் தவணை சுமார் ரூ.30,300. வட்டி 9.2 ஆனபோது பாக்கி 39 லட்சம் என்று வைத்துக்கொண்டால் மாத வட்டி மட்டும் ரூ.29,900. தவணை முழுவதும் வட்டிக்கே போய்விடும். தவணையை மாற்றாமல் விட்டால் அந்தக் கடன் முடிய 47 ஆண்டு ஆகும்.

வட்டி ஏறினால் வங்கி வழக்கமாகச் செய்வது தவணையைத் தொடாமல் காலத்தை நீட்டுவது. கடன் வாங்கியவருக்கு வலி தெரியாது, அதனால் கேள்வியும் எழாது. செலவு அங்கேதான் ஒளிந்திருக்கிறது. நம் உதாரணத்தில் தொடக்கத்திலேயே வட்டி 8.5-லிருந்து 9.0 ஆகிறது என்போம். தவணையைக் கூட்டிக் காலத்தை 240 மாதமாகவே வைத்தால் புதிய தவணை ரூ.35,989. மாதம் ரூ.1,276 அதிகம், 20 ஆண்டில் ரூ.3.06 லட்சம். தவணையை அப்படியே விட்டால் 240 மாதம் 268 மாதமாகும், கூடுதல் செலவு சுமார் ரூ.9.45 லட்சம். ஏறியது அதே அரை சதவீதம். ஏற்றத்தைத் தவணையில் வாங்குவதா, காலத்தில் வாங்குவதா என்பதில்தான் 6 லட்சம் வித்தியாசம்.

2023 ஆகஸ்ட் 18-இல் ரிசர்வ் வங்கி வெளியிட்ட சுற்றறிக்கைப்படி வட்டி திருத்தப்படும்போது தவணையைக் கூட்டுவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டும் கலந்தா என்ற தேர்வு உங்களுக்கு உண்டு. மாதாந்திர வட்டியைக்கூடத் தவணை ஈடுகட்டாமல் அசல் வளரும் நிலை வரக் கூடாது என்றும் அது சொல்கிறது. காலாண்டுக்கு ஒருமுறை கடன் தருபவர் ஒரு விவர அறிக்கை தர வேண்டும்: இதுவரை வசூலான அசல், வட்டி, இப்போதைய தவணை, மீதித் தவணைகளின் எண்ணிக்கை, ஆண்டு வட்டி விகிதம். இதில் பார்க்க வேண்டியது மீதித் தவணை எண்ணிக்கைதான். போன காலாண்டில் 214 என்றிருந்தால் இந்தக் காலாண்டில் 211 இருக்க வேண்டும். 223 என்று இருந்தால் உங்களைக் கேட்காமல் காலம் நீண்டிருக்கிறது. அன்றைக்கே எழுத்தில் கேளுங்கள்.

வட்டி இறங்கும்போது இதே கணக்கு தலைகீழாக வேலை செய்யும். 2025 பிப்ரவரி, ஏப்ரல், ஜூன் மாதங்களில் ரெப்போ மொத்தம் 1 சதவீதம் குறைந்து 5.50 ஆனது. 8.5 வட்டி 8.0 ஆனதும் தவணையை ரூ.33,458 ஆகக் குறைத்துக்கொண்டால் மொத்த லாபம் சுமார் 3 லட்சம். பழைய ரூ.34,713-ஐயே தொடர்ந்து கட்டினால் கடன் 220 மாதத்தில் முடியும், லாபம் சுமார் ரூ.6.9 லட்சம்.

வீட்டு விலைக்கு மேல் கைவிட்டுப் போகும் பணம்

ரிசர்வ் வங்கி விதிப்படி 30 லட்சம் வரையான கடனுக்குச் சொத்து மதிப்பில் 90 சதவீதம் வரையும், 30 முதல் 75 லட்சம் வரை 80 சதவீதமும், அதற்கு மேல் 75 சதவீதமும் கிடைக்கும். 40 லட்சம் கடன் வேண்டுமானால் சொத்து மதிப்பு குறைந்தது 50 லட்சம். 10 லட்சம் உங்கள் கைப்பணம்.

இதோடு முடிவதில்லை. பத்திரச் செலவு இந்த மதிப்பில் சேராது, வங்கி அதற்குக் கடன் தராது. தமிழ்நாட்டில் மனை, பழைய வீடு ஆகியவற்றின் கிரயப் பத்திரத்துக்கு முத்திரைத் தீர்வை 7 சதவீதம், பதிவுக் கட்டணம் 2 சதவீதம். 50 லட்சத்துக்கு ரூ.4.5 லட்சம். (புதிய அடுக்குமாடி வீட்டின் முதல் விற்பனைக்கு விகிதம் வேறு, தீர்வை குறைவு.) ஆக, கையில் 14.5 லட்சம் இருக்க வேண்டும். பலர் இந்த இடத்தில்தான் தடுமாறி, பத்திரச் செலவுக்குத் தனிநபர் கடன் வாங்குகிறார்கள். ரூ.4.5 லட்சத்தை 13 சதவீதத்தில் 5 ஆண்டுக்கு எடுத்தால் தவணை ரூ.10,239, மொத்தம் ரூ.6.14 லட்சம். வீட்டுக் கடன் தவணையோடு சேர்த்தால் முதல் 5 ஆண்டு மாதம் ரூ.44,952. வீட்டைப் பார்க்கப் போவதற்கு முன்பே இந்தத் தொகையைச் சேர்த்து வைப்பதுதான் மலிவு.

கடனோடு ஒட்டிவரும் சில்லறைச் செலவுகளும் இருக்கின்றன. பிராசஸிங் கட்டணம் பொதுவாகக் கடனில் கால் சதவீதத்திலிருந்து ஒரு சதவீதம் வரை, அதன் மேல் 18 சதவீதம் ஜி.எஸ்.டி. வக்கீலின் லீகல் ஒப்பீனியன், பொறியாளரின் மதிப்பீட்டு அறிக்கை. அசல் பத்திரங்களை வங்கியில் ஒப்படைப்பதற்கான எம்.ஓ.டி. பத்திரத்தைச் சார்பதிவாளர் அலுவலகத்தில் பதிய முத்திரைத் தீர்வையும் கட்டணமும். செர்சாய் எனப்படும் அடமானங்களின் மத்தியப் பதிவேட்டில் பதிய நூறு ரூபாய் அளவில் ஒரு சின்னத் தொகை.

காப்பீடு தனி விஷயம். கடன் அனுமதியாகும் நாளில் ஒரு காப்பீட்டுப் படிவமும் கையெழுத்துக்கு வரும். பிரீமியம் ஒரே தடவை 80,000 ரூபாய், "கடன்லயே சேர்த்துடலாம், கையில இருந்து கொடுக்க வேண்டாம்" என்பார்கள். சேர்த்தால் அந்த 80,000-க்கு மாதம் ரூ.694 தவணை, 20 ஆண்டில் ரூ.1.67 லட்சம். அதே வங்கி நீட்டும் பாலிசியை வாங்கினால்தான் கடன் என்று கட்டாயப்படுத்த முடியாது. சம்பாதிப்பவருக்கு ஆயுள் காப்பீடு வேண்டும் என்பதில் சந்தேகமில்லை. தனியாக ஒரு டெர்ம் பாலிசி எடுத்து, அதன் விலையையும் இதையும் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். வங்கி தரும் பாலிசியில் பெரும்பாலும் கடன் குறையக் குறையக் காப்புத் தொகையும் குறையும், கடனை வேறு வங்கிக்கு மாற்றினால் பாலிசி என்னவாகும் என்பதும் தெளிவாக இருக்காது.

கட்டிக்கொண்டிருக்கும் வீடு என்றால் இன்னொரு செலவு, முன்-இ.எம்.ஐ. வங்கி கட்டுமான நிலைக்கேற்பப் பணத்தை விடுவிக்கும், விடுவித்த தொகைக்கு வட்டி மட்டும் கேட்கும். இரண்டு ஆண்டு சராசரியாக 20 லட்சம் வெளியே போயிருந்தால் மாதம் ரூ.14,167, மொத்தம் ரூ.3.4 லட்சம். இதில் ஒரு ரூபாய்கூட அசலில் கழியாது, 240 தவணை அதற்குப் பிறகுதான் ஆரம்பம். பில்டர் ஓராண்டு தாமதித்தால் இந்த வட்டியும் ஓராண்டு நீளும், வாடகை வீட்டில் இருப்பவருக்கு அந்த வாடகையும் சேரும். முடிந்தவர்கள் முதல் விடுவிப்பிலிருந்தே முழுத் தவணையைத் தொடங்கச் சொல்லிக் கேட்கலாம், பல வங்கிகள் ஒப்புக்கொள்கின்றன.

கூடுதலாகக் கட்டுவது எப்படி

மாறும் வட்டியில் தனிநபர் வாங்கிய வீட்டுக் கடனை முன்கூட்டியே கட்டினால் அபராதக் கட்டணம் கிடையாது. பகுதியாகக் கட்டினாலும் சரி, முழுதாக முடித்தாலும் சரி. நிலையான வட்டிக் கடனுக்குக் கட்டணம் இருக்கலாம், ஒப்பந்தத்தில் பாருங்கள். "இப்போது நிலையான வட்டி, மூன்றாண்டுக்குப் பின் மாறும் வட்டி" என்ற கலப்புத் திட்டங்களில் இந்த இடத்தை இருமுறை படியுங்கள்.

எப்போது கட்டுகிறோம் என்பது எவ்வளவு கட்டுகிறோம் என்பதற்குச் சமமான விஷயம். 2 லட்சம் ரூபாயை முதல் ஆண்டு முடிவில் கட்டினால் கடன் 26 மாதம் முன்பே முடியும், மிச்சமாகும் வட்டி சுமார் ரூ.7.1 லட்சம். அதே 2 லட்சத்தைப் பத்தாவது ஆண்டு முடிவில் கட்டினால் மிச்சம் சுமார் ரூ.2.5 லட்சம். பிள்ளை படிப்பு முடிந்த பிறகு பார்த்துக்கொள்ளலாம் என்று தள்ளிப்போடுவதன் விலை இது.

தொடர்ந்து கட்ட இரண்டு வழிகள் நடைமுறையில் நிற்கின்றன. ஒன்று, ஆண்டுக்கு ஒரு தவணை கூடுதல், போனஸ் வரும் மாதத்தில். இதனால் 20 ஆண்டுக் கடன் 16 ஆண்டு 9 மாதத்தில் முடியும், சுமார் 8 லட்சம் மிச்சம். இரண்டு, சம்பளம் ஏறும்போது தவணையையும் ஆண்டுக்கு 5 சதவீதம் ஏற்றுவது. இரண்டாம் ஆண்டில் ரூ.34,713 ரூ.36,449 ஆகும், மூன்றாம் ஆண்டில் ரூ.38,271. இதே வேகத்தில் போனால் 12 ஆண்டு 3 மாதத்தில் கடன் தீரும், மிச்சம் ரூ.15.6 லட்சம். இரண்டாவது வழிதான் எங்கள் பரிந்துரை. போனஸ் பணத்துக்கு நூறு வேலை காத்திருக்கும், வங்கியே பிடித்துக்கொள்ளும் தவணைக்கு அந்தத் தொல்லை இல்லை. ஆனால் 12-ஆம் ஆண்டில் தவணை ரூ.59,000-ஐத் தாண்டும். வருமானம் ஏறாத ஆண்டில் தவணையை ஏற்றாதீர்கள்.

கட்டும் முறை:

1. தவணைக் கணக்கில் அல்லாமல் "பகுதி முன்செலுத்தல்" என்ற வகையில் கட்டுங்கள். செயலியில் அந்தத் தேர்வு இருந்தால் அது, இல்லையென்றால் கிளையில் காசோலையும் கடிதமும்.

2. கடிதத்தில் ஒரே வரி தெளிவாக இருக்கட்டும்: "இத்தொகையை அசலில் வரவு வைத்து, தவணைத் தொகையை மாற்றாமல், காலத்தைக் குறைக்கவும்."

3. ஒரு வாரம் கழித்துப் புதிய அட்டவணையை வாங்கி, பாக்கி அசலும் மீதித் தவணை எண்ணிக்கையும் குறைந்திருக்கின்றனவா என்று பாருங்கள்.

தவறு நடப்பது பெரும்பாலும் இரண்டு இடங்களில். செலுத்திய பணம் அசலில் கழியாமல் "முன்தவணை"யாகக் கணக்கில் சும்மா கிடக்கும், அதற்கு வட்டிக் குறைப்பு கிடைக்காது. அல்லது அசலில் கழித்துவிட்டு, காலத்தை விட்டுத் தவணையைக் குறைத்திருப்பார்கள். அதிலும் வட்டி குறையும், ஆனால் மேலே சொன்ன அளவுக்கு இல்லை. இரண்டுமே திருத்தக்கூடியவை, கடிதத்தின் நகல் கையில் இருந்தால்.

ஓவர்டிராஃப்ட் வகை வீட்டுக் கடன் ஒன்றும் சில வங்கிகளில் உண்டு. அவசரத் தேவைக்காக வைத்திருக்கும் 3 லட்சத்தை அந்தக் கணக்கில் போட்டு வைத்தால், அது கிடக்கும் நாள்களுக்கு 3 லட்சத்தின் வட்டி, ஆண்டுக்கு சுமார் ரூ.25,500 குறையும். வேண்டும்போது எடுத்துக்கொள்ளலாம். இதற்கு வட்டி சற்றுக் கூடுதலாக வைப்பார்கள். கையில் பணம் நிற்காதவர்களுக்கு அந்தக் கூடுதல் வட்டிதான் மிஞ்சும்.

எஃப்.டி.யில் போடலாமா, கடனைக் கட்டலாமா

7 சதவீத எஃப்.டி. வட்டிக்கு வருமான வரி உண்டு. 20 சதவீத வரி வரம்பில் இருப்பவருக்குக் கையில் நிற்பது 5.5 சதவீதம், 30 சதவீத வரம்பில் 4.8. கடனைக் கட்டினால் மிச்சமாவது 8.5, அதற்கு வரி கிடையாது. ஆகவே எஃப்.டி.யைவிடக் கடனைக் கட்டுவதே லாபம். ஆறு மாதச் செலவும் ஆறு தவணையும் கைக்கெட்டும் இடத்தில் இருப்பது மட்டும் முன்நிபந்தனை. எல்லாப் பணத்தையும் கடனில் கொட்டிவிட்டு, மருத்துவச் செலவுக்கு 14 சதவீதத்தில் கடன் வாங்குவது கணக்கையே கெடுத்துவிடும். நகைக் கடனோ தனிநபர் கடனோ கிரெடிட் கார்டு பாக்கியோ இருந்தால் முதலில் அதைத் தீருங்கள்.

வரிச் சலுகைக்காகக் கடனை வைத்திருக்கலாம் என்ற அறிவுரையை யோசித்து எடுங்கள். குடியிருக்கும் வீட்டுக்கு வட்டியில் ஆண்டுக்கு 2 லட்சம் வரையான கழிவு பழைய வரி முறையில்தான், புதிய முறையில் அது இல்லை. பழைய முறையில் இருந்தாலும் நம் உதாரணத்தில் முதல் ஆண்டு வட்டி ரூ.3.37 லட்சம். அதில் ரூ.1.37 லட்சத்துக்குக் கழிவே கிடையாது. 30 சதவீத வரம்பில் கிடைக்கும் சலுகை அதிகபட்சம் ரூ.62,400. அதற்காக 3.37 லட்சம் வட்டி கட்டுவதை லாபம் என்று சொல்ல முடியாது.

வேறு வங்கிக்கு மாற்றும் முன்

புதிதாக வருபவருக்கு வங்கி குறைந்த ஸ்ப்ரெட் கொடுக்கும், பழையவர் பழைய ஸ்ப்ரெட்டிலேயே தொடர்வார். உங்கள் வங்கி இன்று புதியவருக்கு என்ன வட்டி சொல்கிறது என்று ஆண்டுக்கு ஒருமுறை பாருங்கள். முக்கால் சதவீத வித்தியாசம் தெரிந்தால் முதலில் அதே வங்கியில் குறைக்கச் சொல்லி எழுதுங்கள். ஒரு மாற்றுக் கட்டணம் கேட்பார்கள், அது வேறு வங்கிக்கு மாற்றும் (டேக் ஓவர்) செலவைவிட மிகக் குறைவு.

ஒப்புக்கொள்ளவில்லை என்றால் கணக்கு போடுங்கள். பாக்கி 35 லட்சம், மீதி 15 ஆண்டு, வட்டி 9.25. தவணை ரூ.36,022. வேறு வங்கியில் 8.5 சதவீதத்தில் அதே 15 ஆண்டுக்கு ரூ.34,466. மாதம் ரூ.1,556 மிச்சம், மொத்தம் ரூ.2.8 லட்சம். பிராசஸிங், லீகல், மதிப்பீடு, பழைய எம்.ஓ.டி.யை ரத்து செய்யும் ரசீதுப் பத்திரம், புதிய எம்.ஓ.டி. என்று 45,000 செலவானால் 29 மாதத்தில் அது திரும்பிவிடும். மாற்றலாம்.

ஆனால் புதிய வங்கி பெரும்பாலும் "20 ஆண்டு போட்டுக்கலாமே, தவணை 30,374 தான் வரும்" என்று சொல்லும். மாதம் ரூ.5,648 குறைகிறதே என்று கையெழுத்துப் போட்டால் மொத்தம் கட்டப் போவது ரூ.72.90 லட்சம். பழைய வங்கியில் 9.25 சதவீதத்திலேயே இருந்திருந்தால் ரூ.64.84 லட்சம். வட்டி குறைந்தும் 8 லட்சம் நஷ்டம். மாற்றும்போது மீதிக் காலம் ஒரு மாதம்கூடக் கூடக் கூடாது. கடன் முடிய 5 ஆண்டுக்குள் இருந்தால் மாற்றும் யோசனையே வேண்டாம், அதற்குள் வட்டியின் பெரும்பகுதியைக் கட்டியிருப்பீர்கள்.

கடனை முடிக்கும்போது

கடைசித் தவணை போனதும் வேலை முடிந்துவிட்டதாகப் பலர் இருந்துவிடுகிறார்கள். கணக்கில் சில நூறு ரூபாய் பாக்கி நின்றுபோய், பிறகு கட்டணம் சேர்ந்து, உங்கள் கடன் வரலாற்றைக் காட்டும் சிபில் அறிக்கையில் வந்து நிற்கும். எனவே வங்கியிடம் முடிப்புத் தொகைக் கடிதம் கேட்டு வாங்கி, அந்தத் தேதிக்குள் அந்தத் தொகையைச் சரியாகக் கட்டுங்கள். பின் பாக்கியில்லாச் சான்று வாங்குங்கள். தானியங்கித் தவணைப் பிடித்தத்தை ரத்து செய்யுங்கள், இல்லாவிட்டால் அடுத்த மாதமும் பணம் போகும்.

முழுதும் கட்டிய 30 நாளுக்குள் அசல் பத்திரங்களைத் திருப்பித் தந்து, சொத்தின் மேலுள்ள பொறுப்பை, அதாவது அடமானப் பதிவை, நீக்க வேண்டும். வங்கியின் காரணத்தால் தாமதமானால் நாளொன்றுக்கு ரூ.5,000 இழப்பீடு என்பது 2023 செப்டம்பரில் ரிசர்வ் வங்கி போட்ட விதி. கடன் வாங்கும் நாளிலேயே ஒப்படைத்த பத்திரங்களின் பட்டியலில் வங்கி முத்திரையுடன் ஒரு நகல் வைத்திருந்தால், இப்போது ஒவ்வொன்றாகச் சரிபார்க்கலாம். மூலப் பத்திரம், தாய்ப் பத்திரங்கள் எல்லாம் இருக்கின்றனவா, பக்கங்கள் குறையவில்லையா என்று அங்கேயே உட்கார்ந்து எண்ணுங்கள்.

தமிழ்நாட்டில் எம்.ஓ.டி. பதிந்த கடன் என்றால் வங்கி அலுவலர் சார்பதிவாளர் அலுவலகத்துக்கு வந்து ரசீதுப் பத்திரம் பதிந்து கொடுக்க வேண்டும். இது நடக்காமல் விட்டால் வில்லங்கச் சான்றில் அடமானம் அப்படியே நிற்கும், பத்தாண்டு கழித்து விற்கப் போகும்போது அந்தக் கிளை வேறு வங்கியோடு இணைந்து போயிருக்கும். ரசீது பதிந்து சில நாள் கழித்துப் பதிவுத்துறை இணையதளத்தில் வில்லங்கம் போட்டு, எம்.ஓ.டி.க்குக் கீழே ரசீதுப் பதிவு வந்திருக்கிறதா என்று பாருங்கள். செர்சாயிலும் பொறுப்பு நீங்கியதை வங்கி பதிய வேண்டும். இரண்டு மாதம் கழித்து சிபில் அறிக்கையை எடுத்து, கடன் முடிந்ததாகவும் பாக்கி பூஜ்யம் என்றும் காட்டுகிறதா என்று பார்த்துவிட்டு, பாக்கியில்லாச் சான்றையும் ரசீதுப் பத்திரத்தையும் மூலப் பத்திரத்தோடு சேர்த்து ஒரே கோப்பில் வையுங்கள்.